சின்ன வேடத்துக்கு வருகிறவர்களுக்கு

கோலாலம்பூர் மஸ்ஜித் இந்தியா சாலையில் ஒரு துணிக்கடையில் இருபத்தெட்டு வருஷம் வேலை பார்த்தேன். காலையில் புடவைக் கட்டுகளைப் பிரிப்பது, இரவில் மடித்து அடுக்குவது. நடுவில் முதலாளியிடம் சொல்லிவிட்டு அங்காசாபுரிக்கு வானொலி நாடக ஒலிப்பதிவுக்கு ஓடுவேன். பிறகு மேடை வந்தது, தொலைக்காட்சி நாடகம் வந்தது, சில படங்களும் வந்தன. அப்பா, தாத்தா, பள்ளிக்கூட வாத்தியார், தோட்டத்துக் கிராணி, வட்டிக்கடைக்காரர், கோயில் தலைவர், போலீஸ் சார்ஜன் என்று எத்தனையோ வேடம். கதாநாயகன் வேடம் ஒன்றுகூட இல்லை. அவன் ஊரைவிட்டுப் புறப்படும்போது தோளில் கை வைத்து "பாத்துப் போய்ட்டு வாப்பா" என்று சொல்கிற ஆள் நான்.

இந்த வேலையை விரும்பிச் செய்தேன், இன்றும் விரும்புகிறேன். சனிக்கிழமைகளில் பிள்ளைகள் சிலர் தேடி வருகிறார்கள். "அங்கிள், நடிக்கணும். எங்கேர்ந்து ஆரம்பிக்கிறது?" என்கிறார்கள். மாமாக் கடையில் தே தாரே சொல்லிவிட்டு, ஆளுக்கொரு துண்டாகச் சொல்லி வந்ததை இப்போது ஒரே இடத்தில் எழுதி வைக்கிறேன். நினைவுக்கு வந்தபடி எண் போட்டிருக்கிறேன்.

1. முதலில் தெருவில் நில்லுங்கள்.

நடிப்பு படிக்க வசதி இருந்தால் படியுங்கள். அஸ்வாரா இருக்கிறது. செந்தூலில் பழைய ரயில் பட்டறைக் கட்டடத்தில் கேஎல்பேக் இருக்கிறது. நான் அப்படி எங்கும் படிக்கவில்லை. எனக்குப் பள்ளிக்கூடம் கடையின் கல்லாவும் அதற்கு எதிரே இருந்த நடைபாதையும்தான்.

சனிக்கிழமை மாலை லோரோங் துவாங்கு அப்துல் ரஹ்மானில் பசார் மாலாம் போடுவார்கள். ஓர் ஓரமாக ஒரு மணி நேரம் நில்லுங்கள். முகங்களை விட்டுவிட்டுக் கைகளை மட்டும் பாருங்கள். துணிக்கடையில் நான் பார்த்ததைச் சொல்கிறேன். வாங்கத்தான் வந்தவர் விலை கேட்பதற்கு முன் துணியின் ஓரத்தைக் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே வைத்துத் தேய்த்துப் பார்ப்பார். பொழுதுபோக வந்தவர் எட்ட நின்றே விலை கேட்பார். கடன் சொல்லப் போகிறவர் துணியையே பார்க்க மாட்டார்; முதலாளி எந்தப் பக்கம் உட்கார்ந்திருக்கிறார் என்றுதான் பார்ப்பார்.

ஒரு நாடகத்தில், மகள் கல்யாணத்துக்குப் புடவை எடுக்க வந்து காசு போதாமல் திரும்பும் அப்பா வேடம் வந்தது. வசனம் இரண்டே வரி. நான் புடவையைத் தொடுவதற்கு முன் விரல்களைச் சட்டையில் துடைத்துக்கொண்டேன். அப்படிச் செய்த ஒரு பெரியவரை எங்கள் கடையில் பார்த்திருந்தேன். வெற்றிலைக் கறை படிந்துவிடுமோ என்று அவருக்குப் பயம். நாடகம் ஒளிபரப்பான மறுநாள் கடைக்கு வந்த ஓர் அம்மா என் வசனத்தைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. "எங்கப்பாவும் அப்படித்தான் கையைத் தொடைப்பாரு" என்றார்.

2. எந்தத் தமிழ் என்று கேளுங்கள்.

ஸ்கிரிப்டில் 'கடைக்காரர்' என்று மட்டும் எழுதியிருப்பார்கள். எந்தக் கடைக்காரர்? மஸ்ஜித் இந்தியாவில் ராமநாதபுரத்துப் பேச்சும் கடையநல்லூர்ப் பேச்சும் காதில் விழும். கொஞ்ச தூரம் நடந்தால் லெபோ அம்பாங். செட்டியார்கள் கிட்டங்கி வைத்து வட்டித்தொழில் நடத்திய தெரு. பிரிக்பீல்ட்ஸுக்குப் போனால் ரயில்வே உத்தியோகத்துக்கு வந்த யாழ்ப்பாணத்துக் குடும்பங்களின் தமிழ். செந்தூலில் பட்டறைத் தொழிலாளிகளின் பேரப்பிள்ளைகள். கிள்ளானில் தோட்டத்தைவிட்டு வந்தவர்கள். அண்மையில் சாப்பாட்டுக்கடை வேலைக்கு ஊரிலிருந்து வந்த பையன்களின் தமிழ் இன்னொன்று. ரயில் ஏறினால் இத்தனையும் கிடைக்கிற ஊர் நம்முடையது.

தமிழ்நாட்டு சீரியலைப் பார்த்து வளர்ந்த பிள்ளைகள் எல்லா வேடத்துக்கும் சென்னைத் தமிழையே பேசுகிறார்கள். எனக்கு அது வருத்தமாக இருக்கிறது. லயத்தில் பிறந்து வளர்ந்த கிழவி "பசியாறிட்டியா" என்றுதான் கேட்பாள். காசை வெள்ளி என்பாள். அவள் வாயில் "டிபன் சாப்ட்டியா" என்று வைத்துவிட்டால் கலை இயக்குநர் எவ்வளவு பாடுபட்டு அந்த லயத்து வீட்டைப் போட்டிருந்தாலும் வீடு நிற்காது.

3. சின்ன வேடத்துக்கும் ஒரு வீடு உண்டு.

நான் சொல்ல வந்ததில் முக்கியமானது இதுதான். நீங்கள் ஒரே ஒரு காட்சியில் கதவைத் திறந்து கடிதம் கொடுத்துவிட்டுப் போகிற தபால்காரராக இருக்கலாம். அந்தத் தபால்காரர் அன்று காலை ஒரு வீட்டிலிருந்து கிளம்பி வந்தார். மாலையில் அங்கே திரும்பிப் போவார். நடுவில் இந்தக் கதைக்குள் அரை நிமிஷம் நுழைந்திருக்கிறார். கதாநாயகனின் துக்கத்தைவிட அவருக்கு அடுத்த வீட்டுக் கடிதம் அவசரம்.

'மகளிர் மட்டும்' படம் 1994ல் வந்தது. அதில் நாகேஷ் பிணமாக நடித்தார். வசனம் கிடையாது, கண் அசைவு கிடையாது. முந்நூறு வசனம் பேசிச் சிரிக்க வைத்த மனிதர், தூக்கிய பக்கம் சாய்ந்து, வைத்த இடத்தில் இருந்து சிரிக்க வைத்தார். பிணத்துக்கும் எடை உண்டு, தலை எந்தப் பக்கம் விழும் என்று ஒரு கணக்கு உண்டு. உடம்பை அப்படித் தளர்த்திப் போடுவது, அடித்து வசனம் பேசுவதைவிடக் கஷ்டம். வேண்டுமானால் வீட்டில் ஒருவரைத் தூக்கச் சொல்லிப் பாருங்கள். உங்கள் கழுத்து உங்களை அறியாமலே நிமிரும்.

அதற்குப் பதினைந்து வருஷம் முன்பு, 1979ல், பிரிட்டனில் பிபிசியின் 'ஃபால்ட்டி டவர்ஸ்' நகைச்சுவைத் தொடரில் கிட்டத்தட்ட இதே சோதனை நடந்தது. ஹோட்டலில் தங்கிய ஒருவர் தூக்கத்தில் இறந்துவிடுகிறார். முதலாளி பிணத்தை அறைக்கு அறை மறைத்துத் தூக்கிக்கொண்டு அலைகிறார். பிணமாக இருந்தவர் டெரிக் ராயல் என்ற துணை நடிகர். அதே அத்தியாயத்தில் ஒரு டாக்டர் வருகிறார், அதுவும் சின்ன வேடம்தான். அவருக்கு வேண்டியது காலைச் சாப்பாட்டுக்குச் சாசேஜ். ஹோட்டலே தலைகீழாகிக் கிடக்கிறது. அவர் தம் சாசேஜைக் கேட்டுக்கொண்டே இருக்கிறார். அந்த டாக்டர் ஜெப்ரி பாமர். அவர் ஒருமுறைகூடச் சிரிப்புக் காட்ட முயலவில்லை. பசித்த மனிதர் ஒருவர் அங்கே உட்கார்ந்திருக்கிறார், அவ்வளவுதான். நாம் சிரித்து உருளுகிறோம்.

பாமர் 1927ல் பிறந்தவர். ஊர் முழுக்க அவர் முகத்தை அறிந்தது ஐம்பது வயதை ஒட்டித்தான். பிறகு 1992 முதல் ஜூடி டென்ச்சுடன் 'ஆஸ் டைம் கோஸ் பை' தொடர், இடையில் ஜேம்ஸ் பாண்ட் படத்தில் கடற்படை அதிகாரி, இப்படிச் சின்னதும் பெரியதுமாகச் செய்துகொண்டே இருந்தார். 2020 நவம்பரில் காலமானார்.

4. அதே பாமர் நம் நாட்டில் எடுத்த படம் ஒன்றிலும் வருகிறார்.

1999ல் வந்த 'அன்னா அண்ட் தி கிங்' படத்துக்குத் தாய்லாந்தில் படம் எடுக்க அனுமதி கிடைக்கவில்லை. அதனால் ஈப்போவிலும் பினாங்கிலும் லங்காவியிலும் சயாமை எழுப்பினார்கள். ஜோடி பாஸ்டர், சோ யுன் பாட் முன்னால் நிற்க, பிராட்லி பிரபுவாகப் பாமர் வருகிறார். இன்னும் இரண்டு பேரைப் பாருங்கள். அன்னாவுடன் இந்தியாவிலிருந்து வந்த வேலைக்காரர்கள் மூன்ஷி, பீபி. மூன்ஷி நம் மனோ மணியம். பீபி நம் சாந்தினி வேணுகோபால். மனோ மணியத்தைக் 'கோப்பித்தியாம்' நகைச்சுவைத் தொடரிலும் பார்த்திருப்பீர்கள்.

அந்தப் படத்தை மறுபடி போட்டு, இவர்கள் இருவரும் பேசாமல் நிற்கிற இடங்களை மட்டும் பாருங்கள். எசமானி பேசும்போது வேலைக்காரர் எங்கே பார்ப்பார்? எப்போது கண்ணைத் தாழ்த்துவார், எப்போது தாழ்த்த மறப்பார்? பெரிய நட்சத்திரத்துக்குப் பின்னால் மூன்றடி தள்ளி நிற்பதில் இவ்வளவு படிக்க இருக்கிறது. கேமரா உங்கள் மேல் இல்லை என்று ஒருநாளும் நினைக்காதீர்கள். ஃபிரேமின் ஓரத்தில் நீங்கள் இருக்கிறீர்கள். நீங்கள் சும்மா நின்றால் முன்னால் நிற்கிறவரின் காட்சியும் வெளிறிப்போகும்.

5. 'இந்தியன்' வேடம் வந்தால்.

இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். உங்களில் பலர் மலாய் நாடகத்துக்கோ வெளிநாட்டுப் படத்துக்கோ போவீர்கள். ஸ்கிரிப்டில் ரொட்டிக்காரன், ஜாகா, அடியாள், குடிகாரன் என்று எழுதியிருக்கும். பல சமயம் பெயர்கூட இருக்காது.

எங்கள் தலைமுறை 'மைண்ட் யுவர் லாங்குவேஜ்' பார்த்துச் சிரித்தது. லண்டனில் ஆங்கிலம் படிக்க வந்த வெளிநாட்டவர்களின் மாலை வகுப்பு. 1977ல் தொடங்கிய தொடர். தலைப்பாகை கட்டிய ரஞ்சித் சிங்காக நடித்தவர் ஆல்பர்ட் மோசஸ். அவர் பஞ்சாபி அல்லர். இலங்கையில் கம்பளையில் 1937ல் பிறந்தவர். பிரிட்டிஷ் சினிமாவிலும் தொலைக்காட்சியிலும் அவர் ஏற்ற வேடங்களை அடுக்கிப் பாருங்கள். 'தி மேன் ஹூ வுட் பி கிங்' படத்தில் குலாம். ஒரு ஜேம்ஸ் பாண்ட் படத்தில் மது ஊற்றிக் கொடுப்பவர். ஓநாய் மனிதன் படத்தில் மருத்துவமனைச் சிப்பந்தி. மறுபடி பாண்ட் படம், 1983ல் 'ஆக்டோபஸ்ஸி'. இந்த முறை பிரிட்டிஷ் உளவுத்துறையின் இந்திய அதிகாரி. கம்பளையிலிருந்து போன ஒருவர் சிப்பந்தி வேடத்திலிருந்து அதிகாரி வேடம் வரை நடந்த தூரம் அது. 2017ல் மறைந்தார்.

'மைண்ட் யுவர் லாங்குவேஜ்' வெளிநாட்டவரைக் கேலிப்பொருளாக்குகிறது என்று அங்கேயே பலர் சொன்னார்கள். 1979ல் தொலைக்காட்சி நிர்வாகி மைக்கேல் கிரேட் அதை நிறுத்தியதற்கும் அதுதான் காரணம். அவர் நிறுத்தியது சரி என்பது என் கருத்து. அதே நேரத்தில், அந்தக் காலத்தில் ஓர் ஆசிய நடிகனுக்கு லண்டனில் வேறென்ன வேடம் கிடைத்தது என்பதையும் யோசிக்கிறேன். வீட்டு வாடகை கட்ட வேண்டிய மனிதரை இங்கே உட்கார்ந்துகொண்டு குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

எனக்கே நடந்ததைச் சொல்கிறேன். ஒரு மலாய் நாடகத்தில் ஜாகா வேடம். தலையை ஆட்டிக்கொண்டு, மலாயை உடைத்து உடைத்துப் பேசச் சொன்னார்கள். நான் இயக்குநரிடம் தனியாகப் போய்ச் சொன்னேன்: "என்சிக், இந்த ஜாகாவுக்கு அறுபது வயசு. இதே நாட்டில் பிறந்தவர். பக்கத்து வீட்டு மக்சிக்கிடம் தினமும் பேசுகிறவர். அவர் மலாய் உங்கள் மலாய் மாதிரியே இருக்கும். இரண்டு விதமாகவும் எடுத்துப் பாருங்கள்." அவர் நல்ல மனிதர், இரண்டு விதமாகவும் எடுத்தார். ஒளிபரப்பில் வந்தது நான் கேட்டபடி பேசியது. சிரிப்பு வர வேண்டிய இடத்தில் சிரிப்பும் வந்தது.

அதனால் சொல்கிறேன்: பெயர் இல்லாத வேடத்துக்கு நீங்களே பெயர் வையுங்கள். யாரிடமும் சொல்ல வேண்டாம், மனசில் இருந்தால் போதும். வேடத்தை மாற்ற வேண்டுமென்றால் எல்லார் முன்னாலும் வாதாடாதீர்கள். தனியாக, மரியாதையாக, இன்னொரு டேக் கேளுங்கள். கேட்டும் மாறவில்லை, அந்த வேடம் உங்கள் அம்மா பார்த்தால் தலை குனிவார் என்றால் விட்டுவிடுங்கள். நான் இரண்டு வேடத்தை விட்டிருக்கிறேன். அந்த மாதங்களில் கையில் காசு இல்லை. விட்டதற்காக இன்றுவரை வருந்தியதில்லை.

6. காதைத் தீட்டுங்கள்.

நான் வானொலியில் தொடங்கியது என் பாக்கியம். அங்காசாபுரியில் மைக்கைச் சுற்றி நிற்போம். காகிதம் சலசலக்காமல் பக்கம் திருப்புவதற்கே ஆறு மாதம் பிடித்தது. வானொலியில் முகம் உதவாது. மூச்சு எங்கே நிற்கிறது என்பதில்தான் ஆள் தெரிவார். இன்று மின்னல் எப்எம் என்று நீங்கள் கேட்கிற அந்த நிலையத்தில் வந்த நாடகங்கள்தான் எங்களில் பலருக்குத் தொழில் கற்றுக் கொடுத்தன. பூர்ணம் விசுவநாதன் அகில இந்திய வானொலியில் செய்தி வாசித்தவர். அவர் படங்களில் ஒவ்வொரு சொல்லும் எவ்வளவு துல்லியமாக வந்து விழும் என்பதைக் கேட்டால் காரணம் புரியும்.

உங்கள் வசனத்தோடு எதிரே நிற்பவர் வசனத்தையும் மனப்பாடம் செய்யுங்கள். மனப்பாடம் செய்தபின் அதை முதல்முறை கேட்பதுபோல் கேளுங்கள். துணை நடிகரின் பாதி வேலை கேட்பதுதான்.

7. வேலையை உடனே விட்டுவிடாதீர்கள்.

டெல்லி கணேஷ் 1964 முதல் 1974 வரை இந்திய விமானப்படையில் இருந்தவர். 'பட்டினப் பிரவேசம்' படத்தில் பாலசந்தர் அவரை அறிமுகப்படுத்தியது 1977ல். அப்போது அவருக்கு வயது முப்பத்து மூன்று. 2024 நவம்பரில் மறையும்வரை நானூறுக்கும் மேற்பட்ட படங்கள். 'நாயகன்' பார்த்தவர்கள் அவரை வேலு நாயக்கரின் ஆளாகவே நினைவில் வைத்திருக்கிறார்கள். 'அபூர்வ சகோதரர்கள்' பார்த்தவர்கள் வில்லனாக. ஒரே மனிதர்தான் இருவரும் என்று சொன்னால் சில பிள்ளைகள் நம்ப மறுத்ததை நான் பார்த்திருக்கிறேன்.

எழுத்தாளர் ஷோபாசக்தியை எடுத்துக்கொள்ளுங்கள். ஈழத்திலிருந்து அகதியாகப் போய், பாரிஸில் கிடைத்த வேலையெல்லாம் செய்தவர். 'தீபன்' படத்தில் பாரிஸில் ஓர் அகதியாக நடித்தார். 2015ல் கான் விழாவில் தங்கப்பனை அந்தப் படத்துக்குக் கிடைத்தது. தட்டுக் கழுவிய கை தட்டுக் கழுவுவதுபோல் நடிக்கும் கையிலிருந்து வித்தியாசப்படும், கேமராவுக்கு அது தெரியும்.

கடையில், கிடங்கில், மருத்துவமனையில், கிராப் ஓட்டி, எங்கே வேலை செய்தாலும் அங்கே கண்ணைத் திறந்து வைத்திருங்கள். நம் நாட்டுத் தமிழ்ச் சந்தை சின்னது. நடிப்பை மட்டும் நம்பி வீட்டுக் கடன் கட்டுகிறவர்களை விரல்விட்டு எண்ணலாம். சோறு இருக்கிறவனுக்குத்தான் கெட்ட வேடத்தை வேண்டாம் என்று சொல்லும் தைரியம் வரும்.

8. காசு விஷயத்தை வெட்கப்படாமல் பேசுங்கள்.

ஒருமுறை பதினோரு நாள் வேலை செய்துவிட்டு, எட்டு மாதம் சம்பளத்துக்கு நடந்தேன். கையில் ஒரு தாள் இல்லை, வாய் வார்த்தைதான். கடைசியில் பாதி வந்தது. தவறு அவர்கள் பக்கம் என்றாலும், எழுதி வாங்காதது என் தவறு.

எத்தனை நாள், ஒரு நாளைக்கு எத்தனை மணி நேரம், எவ்வளவு வெள்ளி, எப்போது கைக்கு வரும், சாப்பாடு யார் பொறுப்பு, டப்பிங் தனிக் கணக்கா: ஒரு பக்கத்தில் எழுதிக் கையெழுத்து வாங்குங்கள். வாட்ஸ்அப் செய்தியாக இருந்தாலும் பத்திரமாக வையுங்கள். பிரிட்டனில் நடிகர் சங்கமான ஈக்விட்டி 1930ல் தொடங்கியது. அங்கே ஒரு தொடரை மறுபடி ஒளிபரப்பினால் அதில் ஒரு காட்சியில் வந்தவருக்கும் பணம் போகும் ஏற்பாட்டைப் போராடி வாங்கினார்கள். நான் கையெழுத்திட்ட எந்தத் தாளிலும் அப்படி ஒரு வரி இருந்ததில்லை. நீங்கள் கேளுங்கள். கேட்பவர் எண்ணிக்கை கூடினால்தான் வரும்.

2017ஆம் ஆண்டின் சுயதொழில் சமூகப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் பெர்கேசோவில் கலைத்துறையினரும் 2020 முதல் பதிந்துகொள்ளலாம். படப்பிடிப்பில் விழுந்து கால் உடைந்தால் யாரும் வர மாட்டார்கள். அந்தப் பதிவு வரும். இபிஎப்பில் ஐ-சாரான் கணக்கில் மாதம் ஐம்பது வெள்ளியாவது போடுங்கள். எங்களோடு நடித்து, வயதான காலத்தில் மருந்துக்குக் கை நீட்டியவர்களை நான் பார்த்துவிட்டேன். அதனால்தான் வற்புறுத்துகிறேன்.

9. வெளியூர்ப் படக்குழு வந்தால்.

வருவார்கள். இந்தியாவில் நடக்கும் கதையான 'இந்தியன் சம்மர்ஸ்' என்ற பிரிட்டிஷ் தொடருக்குச் சிம்லாவைப் பினாங்குக் கொடிமலையில் காட்டினார்கள். 2015லும் 2016லும் ஒளிபரப்பானது. பிறகு 'தி சிங்கப்பூர் கிரிப்' இங்கே வந்து எடுக்கப்பட்டது. 'கபாலி' வந்தபோது என்ன கூட்டம் என்று உங்களுக்கே தெரியும்.

அப்படிப்பட்ட இடத்தில் பெரும்பாலும் கூட்டத்தில் ஒருவராகத்தான் கூப்பிடுவார்கள். போங்கள். சொன்ன நேரத்துக்கு அரை மணி முன்னால் போங்கள். எந்தக் கையில் கூடை வைத்திருந்தீர்கள், எந்தச் சொல்லில் திரும்பினீர்கள் என்று நினைவில் வையுங்கள். காலையில் எடுத்த காட்சியின் மீதியை மாலையில் எடுக்கும்போது கன்டினியூட்டி பார்க்கிற பெண் உங்களைத்தான் தேடுவார். நட்சத்திரத்தோடு படம் எடுத்துக்கொள்ள ஓடாதீர்கள். லைட்டிங் எப்படி வைக்கிறார்கள், பெரிய நடிகர் டேக்குக்கும் டேக்குக்கும் நடுவில் என்ன செய்கிறார் என்று பாருங்கள். இவ்வளவு கற்றுக் கொடுத்துச் சம்பளமும் கொடுக்கிற பள்ளிக்கூடம் வேறில்லை.

10. வயதை மறைக்காதீர்கள். 

நரை வந்தால் வரட்டும், வழுக்கை விழுந்தால் விழட்டும். தங்கச்சிகளுக்கும் இதைத்தான் சொல்கிறேன். அம்மா வேடத்துக்கு இருபத்தெட்டு வயதுப் பெண்ணுக்கு நரை பூசுவதை நிறுத்தும்படி தயாரிப்பாளர்களிடம் நாம் சொல்லிக்கொண்டே இருக்க வேண்டும்.

11. நம் கதைகளில் நடியுங்கள்.

'ஜகாட்' பார்க்காதவர்கள் இந்தப் பட்டியலை மூடிவிட்டு அதைப் போய்ப் பாருங்கள். சஞ்சய் குமார் பெருமாள் எடுத்த முதல் முழுநீளப் படம், 2015 டிசம்பரில் வெளியானது. தோட்டத்தைவிட்டு நகரத்தின் ஓரத்துக்கு வந்த குடும்பம், அப்போய் என்ற பையன், அவன் அப்பா, இரண்டு சித்தப்பாக்கள். பையனைச் சுற்றி இருக்கிற பெரியவர்கள் எல்லாரும் குணச்சித்திர வேடங்கள்தான். அப்பாவாகக் குபேன் மகாதேவன் மகனை அடிக்கிற இடத்தைப் பாருங்கள். அந்தக் கையில் கோபத்தைவிடப் பயம் அதிகம். தான் பட்டதை மகன் படக்கூடாது என்று நினைத்து, அதைச் சொல்லத் தெரியாத நம் அப்பாக்களை எனக்குத் தெரியும். நானும் அப்படி ஓர் அப்பாவிடம் வளர்ந்தவன். திரையில் அவரை அப்படியே பார்த்தபோது எழுந்து போக முடியாமல் உட்கார்ந்திருந்தேன்.

2016ல் 28ஆவது மலேசியத் திரைப்பட விழாவில் தேசிய மொழிப் படங்களுக்கு ஒரு பிரிவு, மற்றவற்றுக்கு ஒரு பிரிவு என்று முதலில் பிரித்திருந்தார்கள். மலாய்க் கலைஞர்களே முன்னால் வந்து எதிர்த்தார்கள். ஒளிப்பதிவாளர் முகமட் நோர் காசிம் தாம் வாங்கியிருந்த விருதுகளைத் திருப்பிக் கொடுத்தார். அந்த ஏற்பாடு மாற்றப்பட்டது. 'ஜகாட்' சிறந்த படமாகத் தேர்வானது. தீபக் குமாரன் மேனனின் 'செம்மண் சாலை' 2005லேயே தோட்டத்து வாழ்க்கையைக் கண்ணுக்கு நேராக வைத்துவிட்டது. இப்படிப்பட்ட படத்தில் சம்பளம் குறைவாக இருக்கும். முடிந்தவரை ஒத்துக்கொள்ளுங்கள்.

12. செட்டில் எல்லாருக்கும் பெயர் உண்டு. 

லைட் தூக்குகிற தம்பி, தேநீர் கொண்டுவருகிற அக்கா, வேன் ஓட்டுகிற பாக்சிக், எல்லார் பெயரையும் முதல் நாளே தெரிந்துகொள்ளுங்கள். உங்களுக்கு நாற்காலி கடைசியில்தான் வரும். அதுவரை நில்லுங்கள், மனசில் வைத்துக்கொள்ளாதீர்கள்.

13. எழுதி வையுங்கள்.

என்னிடம் பதினான்கு நோட்டுப் புத்தகங்கள் இருக்கின்றன. கடைக்கு வந்தவர்கள், பஸ்ஸில் பார்த்தவர்கள், கோயில் வாசலில் செருப்பைத் தேடியவர்கள். என் அப்பா வேடங்கள், கிராணி வேடங்கள் எல்லாம் அதிலிருந்துதான் வந்தன. அவற்றை யாருக்காவது கொடுத்துவிட்டுப் போக வேண்டும் என்ற எண்ணம் இப்போது வந்திருக்கிறது. கண் பார்வை குறைகிறது. என் கையெழுத்தை நான் படித்துச் சொல்லும் காலத்துக்குள் வந்தால் நல்லது.

சனிக்கிழமை மாலை, பசார் மாலாம் கடைகள் விரிக்கிற நேரத்துக்கு வாருங்கள். மஸ்ஜித் ஜாமெக் நிலையத்தில் இறங்கி நடந்தே வந்துவிடலாம். வரும்போது அந்த வாரத்தில் நீங்கள் பார்த்த ஒரே ஓர் ஆளை எழுதிக்கொண்டு வாருங்கள். அவர் கை என்ன செய்தது, எந்தத் தமிழ் பேசினார், எந்த வீட்டிலிருந்து கிளம்பி வந்திருப்பார் என்பதோடு.